காஞ்சியில் ஒரு தூது

காஞ்சிபுரத்துப் பட்டுச் சேலைகளுள் கோர்வைச் சேலை தனிச்சிறப்புடையது. அதன் உடலும் கரையும் வெவ்வேறு வண்ணத்தில் அமையும். தறியில் மூன்று நாடாக்கள் ஓடும். நெசவாளருடன் உதவியாளர் ஒருவர் அமர்ந்து, ஒரு பக்கக் கரைக்குரிய நாடாவைச் செலுத்துவார். அவர் கை தவறினால் உடலும் கரையும் இணையுமிடத்தில் குறை தோன்றிவிடும். தறியோசைக்கு நடுவே இழைக்கு இழை பேசிக்கொள்ள இயலுமா? ஒருவர் கையசைவை மற்றவர் கண் அறிந்துகொள்கிறது.

இவ்வாறு மனிதர்க்கிடையே சொல்லாலும் சொல்லின்றியும் நிகழும் கருத்துப் பரிமாற்றத்தை ஆராயும் துறை ஆளிடைத் தொடர்பியல் ஆகும். பால் வாட்ஸ்லாவிக் என்னும் அறிஞர் இருவருடன் இணைந்து 1967இல் வெளியிட்ட நூல் இத்துறையில் பெரிதும் பேசப்படுவது. எந்தக் கூற்றிலும் செய்தி ஒருபுறமும், பேசுவோர்க்கும் கேட்போர்க்கும் உள்ள உறவு மறுபுறமும் அமைந்துள்ளன. செய்தியை எவ்வாறு கொள்வது என்பதை அவ்வுறவே உணர்த்துகிறது என்பது அந்நூலின் கருத்து.

இதனை விளக்கக் காஞ்சியிலேயே பழைய சான்றொன்று உண்டு. தகடூர் மன்னன் அதியமான் நெடுமான் அஞ்சிக்கும் காஞ்சித் தொண்டைமானுக்கும் பகை மூண்டபோது, அதியமானின் தூதராக ஔவையார் சென்றார். தொண்டைமான் அவருக்குத் தன் படைக்கலக் கொட்டிலைக் காட்டினான். வாய் திறவாமலே அவன் கூறிய செய்தி அது: ‘என் வலிமையைப் பார்.’

ஔவையாரின் விடை புறநானூற்றின் 95ஆம் பாடலாக உள்ளது. இங்குள்ள படைக்கலங்கள் பீலியும் மாலையும் சூட்டப்பெற்று, நெய் பூசப்பெற்று, காவல்மிக்க மனையில் அழகுடன் திகழ்கின்றன. அதியமானின் வேல்களோ பகைவரைக் குத்தி நுனி சிதைந்து, கொல்லனின் சிறு உலைக்கூடத்தில் கிடக்கின்றன என்கிறார். கேட்ட அளவில் இது தொண்டைமானுக்குப் புகழுரை. போர்முகம் காணாத படை என்னும் இகழ்ச்சியோ அதனுள்ளே மறைந்திருக்கிறது. இதனை வஞ்சப்புகழ்ச்சி என அணியிலக்கணம் கூறும். அணி என்னும் பெயரோடு இதனை நிறுத்திவிடுதல் போதாது. மாற்றரசனின் கொட்டிலில் நிற்கும் தூதர், ‘நீ தோற்பாய்’ என வெளிப்படையாகக் கூறியிருந்தால் அவன் சினமே மூண்டிருக்கும், போரும் விரைந்திருக்கும். ஔவையார் அம்முடிவைத் தாம் கூறாமல், அவனே உய்த்துணருமாறு விட்டுவிடுகிறார். அவையில் அவன் பெருமை குன்றவில்லை. எச்சரிக்கையும் சென்று சேர்கிறது.

இத்தகைய பேச்சு கேட்போரின் நுண்ணறிவை நம்பியே அமைகிறது. கண்ணாலும் செவியாலும் நுட்பமாக உணர்வோர்க்கே மெய்ப்பாடு புலப்படும் என்று தொல்காப்பியர் உரைப்பதும் கேட்போரை முன்னிறுத்தியே. வள்ளுவரும் ‘குறிப்பறிதல்’ என்னும் அதிகாரத்தைப் பொருட்பாலில் ஒருமுறையும் காமத்துப்பாலில் ஒருமுறையும் வைத்துள்ளார். அமைச்சர்க்கும் காதலர்க்கும் அத்திறன் ஒன்றுபோல் வேண்டப்படுகிறது.

பாடலின் இறுதி மற்றொரு நுட்பம் உடையது. செல்வம் உள்ளபோது பிறர்க்கு உணவளித்தும், இல்லாதபோது இருப்பதைப் பகிர்ந்துண்டும் வாழும் வறியோர் சுற்றத்தின் தலைவன் என அதியமானைக் காட்டி முடிக்கிறார் ஔவையார். தொண்டைமான் கொட்டிலைக் காட்டினான். அவரோ அதியமானின் சுற்றத்தைக் காட்டினார். அதற்கு அவன் கூறிய மறுமொழி பாடலில் இல்லை.