காட்டிறைச்சிக்குச் சிறுதீயே சிறப்பு

ஆயர் தாவார் போன்ற தோட்டப்புறங்களில் காட்டுப்பன்றிக் கறி புதிதன்று. ஆயினும் அதனை அவசரமாகச் சமைத்தல் ஆகாது. காரணங்களை நாம் அறிந்துகொள்வோம்.

ஓடித் திரியும் விலங்கின் தசைகளைப் பிணைக்கும் திசு உறுதியானது. பெருந்தீ இறைச்சியை இறுக்கிவிடும், சிறுதீயில் இரண்டு, மூன்று மணி நேரம் வெந்தால் அத்திசு இளகிக் குழம்பில் கரையும், கறி மென்மையாகும். மேலும், அத்தசையில் கண்ணுக்குப் புலப்படாத புழுக்கள் தங்கியிருக்கலாம். உப்பிடுவதாலோ புகையூட்டுவதாலோ அவை அழிந்துவிடும் என நம்பலாகாது. எலும்பை ஒட்டிய பகுதியும் முற்ற வேகவேண்டும்.

ஒரு கிலோ இறைச்சித் துண்டுகளில் இஞ்சி, பூண்டு, மஞ்சள், மிளகு, மல்லித்தூள், உப்புப் பிசறி அரைமணி நேரம் வைக்கவும். வெங்காயத்தை வதக்கி, இறைச்சியைப் புரட்டி, மூழ்குமளவு நீர் விடவும். கொதித்ததும் விறகைப் பின்னுக்கிழுத்துச் சட்டியை மூடவும். நீர் வற்றினால் வெந்நீர் சேர்க்கவும். இறைச்சி பாதி வெந்ததும், வேலியோரம் தானே முளைத்த சுண்டைக்காயையும் ஊசி மிளகாயையும் இடவும். இறக்குமுன் நறுக்கிய கந்தான் பூ மொட்டைச் சேர்த்தால் நறுமணம் கமழும்.

பச்சை இறைச்சி பட்ட கத்தி, பலகை, கைகளைச் சவர்க்காரமிட்டுக் கழுவவேண்டும்.

2010ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி காட்டுப்பன்றி வேட்டைக்கு உரிமம் தேவை. 2021இல் நம் நாட்டில் ஆப்பிரிக்கப் பன்றிக் காய்ச்சல் கண்டறியப்பட்டது. அது மனிதரைத் தாக்காது; எனினும் பன்றிகளை மாய்க்கும். ஆதலால், இறந்து கிடக்கும் பன்றியைத் தொடாமல் கால்நடைச் சேவை இலாகாவிற்கு அறிவிப்போம். பொறுமையாய்ச் சமைத்து, நலமாய் உண்போம்.