பாட்டின் வாலை வெட்டுவது எப்படி?

(மூன்றாம் ஆண்டு, கணிப்பொறிப் பிரிவு)

எம்பி3 பாட்டை ஓடவிட்டால் படத்தின் பெயர், பாடகர் பெயர், ஆண்டு எல்லாம் திரையில் வருகிறதே, அது எங்கே உட்கார்ந்திருக்கிறது? கோப்பின் வாலில், கடைசி 128 பைட்டில்! 1996-ல் எரிக் கெம்ப் என்பவர் செய்த ஏற்பாடு இது. பெயர் ஐடி3 டேக். முதல் 3 பைட்டில் 'டேக்' என்பதன் மூன்று ஆங்கில எழுத்துகள். பிறகு தலைப்பு, பாடியவர், ஆல்பம், குறிப்பு ஆகிய நான்குக்கும் தலா 30; ஆண்டுக்கு 4; பாட்டு வகைக்கு 1. கூட்டிப் பாருங்கள், கணக்கு சரியா வரும். நமக்கு 30 எங்கே போதும்? யுடிஎஃப்-8 முறையில் 'தெருக்கூத்து' என்ற ஒரே சொல்லுக்கு 36 பைட்டு வேண்டும்!

1998-ல் வந்த இரண்டாம் பதிப்பு கோப்பின் தலையில் ஏறி உட்கார்ந்தது. அதில் அட்டைப் படம்கூட அடங்கும். ஆக, ஒரே பாட்டில் தலையிலும் வாலிலும் டேக் இருக்கலாம். அடுத்தவருக்குக் கொடுக்கும் பதிவில் நம் பெயரோ, எவனோ செருகிய விளம்பர வரியோ போக வேண்டாமென்றால் கழற்ற வேண்டியதுதான்.

லினக்ஸில் முதலில் 'டெயில்' கட்டளை: மைனஸ் சி, 128, கோப்பின் பெயர். வால் திரையில் தெரியும். 'டேக்' என்று ஆரம்பித்தால் மட்டுமே வெட்டலாம். இல்லாவிட்டால் வெட்டுப்படுவது பாட்டு. அடுத்து 'ஹெட்': மைனஸ் சி, மைனஸ் 128, கோப்பின் பெயர், பிறகு > குறி போட்டு வேறு ஒரு பெயர். ஜாக்கிரதை! அதே பெயரைக் கொடுத்தால், ஹெட் படிக்கும் முன்பே ஷெல் கோப்பைக் காலி பண்ணிடும். மிஞ்சுவது 0 பைட்டு.

தலையும் வாலும் சேர்ந்து போக, 'ஐடி3வி2' என்றே ஒரு கட்டளை உண்டு. தனியாக நிறுவ வேண்டும். மைனஸ் போட்டு ஆங்கிலப் பெரிய டி கொடுத்தால் இரண்டும் காலி. சின்ன டி என்றால் தலை மட்டும், சின்ன எஸ் என்றால் வால் மட்டும். சிலர் இதற்கு எஃப்எஃப்எம்பெக் பயன்படுத்துவார்கள். அதில் ஒலியை அப்படியே 'காப்பி' செய்யச் சொல்ல மறந்தால், பாட்டை மறுபடி அமுக்கி எழுதும், தரம் குறையும். டேக்கை மட்டும் கழற்றினால் ஒலி இம்மியும் மாறாது.

ஆனால் கழற்றியது திரும்ப வராது. பழைய கேசட்டிலிருந்து ஏற்றிய வில்லுப்பாட்டு என்றால், பாடியவர் பெயர் அந்த டேக்கில் மட்டும்தான் இருக்கும். ஐடி3வி2-க்கு மைனஸ் சின்ன எல் கொடுத்தால் டேக்கில் உள்ளதெல்லாம் வரிசையாக வரும். அதை ஒரு உரைக் கோப்பில் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். அதுக்கப்புறம் பெரிய டி.