அட்லாந்து மூழ்கிய ஆண்டு

நெதர்லாந்தின் வடக்கே ஃபிரீஸ்லாந்து மாகாணம். அதன் தலைநகரான லேவார்டனில், ட்ரெசோவார் ஆவணக் காப்பகத்தில், பழுப்பேறிய தாள்களில் எழுதிய கையெழுத்துப் படி ஒன்று பத்திரமாக இருக்கிறது. ‘ஊரா லிண்டா புத்தகம்’ என்பார்கள். முகப்பில் ஒரு தகப்பன் மகனுக்கு எழுதிய கடிதம். குடும்ப ஏடுகள் வெள்ளத்தில் நனைந்துவிட்டன, அவை கெடுமுன் வெளிநாட்டுத் தாளில் படியெடுத்து வைத்திருக்கிறேன், உயிரைக் கொடுத்தாவது காப்பாற்று என்கிறான். அட்லாந்து மூழ்கியதிலிருந்து 3449ஆம் ஆண்டில், அதாவது கிறித்துவக் கணக்கில் 1256இல் எழுதியதாகத் தேதியும் போட்டிருக்கிறான்.

அட்லாந்து என்பது வடகடலில் இருந்ததாக ஏடு சொல்லும் தேசம். அது கடலுக்குள் போனது. அதன் உறவான ஃபிரீசிய இனம் பிழைத்தது. எழுத்து, சட்டம், கப்பல் என்று கிரேக்கருக்கு எல்லாவற்றையும் கற்றுக்கொடுத்தது அந்த இனம்தானாம். அதில் ஒரு கிளை பஞ்சாபுக்கே போய்ப் பல நூற்றாண்டுகள் குடியிருந்துவிட்டு, அலெக்சாந்தர் வந்த சமயத்தில் ஊர் திரும்பியதாம்.

நம்பிக்கை: இது வழிவழியாக ஒரே குடும்பம் காத்துவந்த ஏடு.

ஏட்டை வெளியே கொண்டுவந்தவர் கோர்னேலிஸ் ஓவர் டி லிண்டன். டென் ஹெல்டர் கடற்படைக் கப்பல் தளத்தில் வேலை பார்த்தவர். 1848இல் அத்தையிடமிருந்து தன் கைக்கு வந்து சேர்ந்தது, அதற்கு முன் தாத்தாவிடம் இருந்தது என்றார். வெளியுலகம் அதைப் பார்த்தது 1867இல்தான். முன்பு யாராவது பார்த்ததற்கு அவர் வாய்ச்சொல்லைத் தவிர வேறு சான்று இல்லை. தாளோ 19ஆம் நூற்றாண்டில் இயந்திரத்தில் செய்தது. காகிதத் தொழில் தெரிந்தவர்கள் அதை அப்போதே சொல்லிவிட்டார்கள். 1256இல் ஐரோப்பாவில் காகிதம் கையால் ஒவ்வொரு தாளாக அள்ளி எடுக்கப்பட்டது. கடிதத்தில் ‘வெளிநாட்டுத் தாள்’ என்று முன்கூட்டியே ஒரு சமாதானம் வைத்தவன் கெட்டிக்காரன்தான். ஆனால் எந்த வெளிநாட்டிலும் அன்று காகித இயந்திரம் கிடையாது.

எழுத்தையும் பாருங்கள். ஆறு ஆரக்கால் கொண்ட சக்கரம் ஒன்று வரையப்பட்டிருக்கிறது. எல்லா எழுத்தும் அதிலிருந்தே பிறந்தன என்று விளக்கம். பக்கத்திலேயே எண்களும் இருக்கின்றன, சுழியம் உட்பட. இந்தியாவில் உருவாகி, அரபு நாடுகள் வழியாக ஐரோப்பாவுக்குப் போய்ச் சேர்ந்த சுழியம், கிரேக்கருக்கும் முந்திய வடகடல் மக்களிடம் தயாராக இருந்திருக்கிறது! பஞ்சாபில் குடியிருந்தபோது கற்றது என்றாவது எழுதியிருக்கலாம்.

நம்பிக்கை: மூழ்கிய ஆண்டையே துல்லியமாகச் சொல்கிறதே, கற்பனையில் அது வருமா?

வந்திருக்கிறது, அதுவும் பஞ்சாங்கத்திலிருந்து. 3449இலிருந்து 1256ஐக் கழித்தால் கி.மு. 2193. அந்தக் காலத்து டச்சு, ஃபிரீசிய பஞ்சாங்கங்கள் விவிலியக் கணக்குப்படி நோவாவின் பெருவெள்ளத்துக்குப் போட்டிருந்த ஆண்டும் அதுவேதான். ஆணியில் தொங்கிய பஞ்சாங்கத்தைப் பார்த்து ஒரு நாகரிகத்தை மூழ்கடித்திருக்கிறார்கள். 1872இல் நூலைப் பதிப்பித்த ஓட்டெமா என்ற அறிஞர் ஏட்டை உண்மையென்றே நம்பினார். ஏரியில் மரக்கால் நட்டு வீடு கட்டி வாழ்ந்தவர்களைப் பற்றி ஏடு சொல்வதை அவர் சான்றாகக் காட்டினார். ஸ்விட்சர்லாந்து ஏரிகளில் அத்தகைய குடியிருப்புகள் கண்டுபிடிக்கப்பட்ட செய்தி 1850களிலேயே ஐரோப்பா முழுக்கப் பரவியிருந்தது. பழைய ஏட்டில் புதிய செய்தி இருந்தால் ஏட்டின் மேல்தானே சந்தேகம் வர வேண்டும்? அவருக்கு மதிப்புதான் வந்தது.

மொழிதான் கடைசியில் காட்டிக்கொடுத்தது. பழைய ஃபிரீசியம் என்ற பெயரில் 19ஆம் நூற்றாண்டு டச்சு வழக்குகள் அப்பட்டமாகத் தலைகாட்டின. பெக்கரிங் வின்கர்ஸ் என்பவர் 1876இல் இது போலி என்று காட்டி ஒரு நூலே எழுதினார். சொற்பிறப்பு இன்னும் வேடிக்கை. ரோமானியரின் கடல் தெய்வம் நெப்டியூன் யார்? ‘நேஃப் தெயூனிஸ்’, அதாவது உறவுக்காரப் பையன் தெயூனிஸ் என்ற ஃபிரீசிய மாலுமி! பெயரைப் பிய்த்துப் பிய்த்து உலகத்தையே தன் மொழிக்குள் இழுத்துப்போடும் இந்த வித்தை நமக்கும் புதிதல்ல.

யார் எழுதியது? நெடுநாளாக அடிபட்ட பெயர்கள் மூன்று: ஓவர் டி லிண்டன், மொழியறிஞர் ஏல்கோ வெர்வைஸ், போதகரும் கவிஞருமான ஃபிரான்சுவா ஹாவர்ஸ்மித். கோஃபே யென்ஸ்மா என்ற ஆய்வாளர் 2004இல் முடித்த விரிவான ஆய்வில், ஹாவர்ஸ்மித்தே முதன்மை ஆசிரியர், மற்ற இருவரும் கூட்டு என்ற முடிவுக்கு வந்தார். வேதத்தை எழுத்துக்கு எழுத்து நம்புகிறவர்களைச் சீண்டுவதற்காகச் செய்த பகடி இது என்கிறார். சிரித்துவிட்டுக் கடந்துபோவார்கள் என்று எதிர்பார்த்தால், படித்தவர்களே கையில் எடுத்து மொழிபெயர்க்க உட்கார்ந்துவிட்டார்கள். 1876இல் லண்டனில் ஆங்கிலப் பதிப்பும் வந்துவிட்டது. அதன்பிறகு ‘சும்மா எழுதினோம்’ என்று எழுந்து சொல்ல யாருக்கு வாய் வரும்?

நம்பிக்கை: குட்டு உடைந்ததும் விஷயம் முடிந்துபோனது.

1879இல் ஓட்டெமா தற்கொலை செய்துகொண்டார். ஏடு மட்டும் சாகவில்லை. 1933இல் ஹெர்மன் விர்த் என்ற ஆய்வாளர் அதை ஜெர்மனில் வெளியிட்டார். தாள் புதிது என்பதை அவரே ஒப்புக்கொண்டார், ஆனால் உள்ளே இருக்கும் செய்தி பழையது என்றார். இப்படிச் சொல்பவரிடம் எந்தச் சோதனை முடிவை நீட்டினாலும் பயனில்லை. 1934 மே 4 அன்று பெர்லின் பல்கலைக்கழகத்தில் நடந்த பகிரங்க விவாதத்தில் அறிஞர்கள் அவரை உரித்தெடுத்தார்கள். ஆனாலும் நாஜித் தலைவர் ஹிம்லருக்கு அந்த ஏட்டின் மேல் இருந்த மோகம் குறையவில்லை. ‘ஹிம்லரின் பைபிள்’ என்ற பட்டப்பெயரே அதற்கு ஒட்டிக்கொண்டது. அடுத்த ஆண்டு நாஜி இனக் கொள்கைக்குப் புராதனச் சான்று தேட அவர் தொடங்கிய ஆனென்எர்பே அமைப்புக்கு முதல் தலைவர் இந்த விர்த்தான். போதகரின் கிண்டல் போய்ச் சேர்ந்த இடம் அது.

மூழ்கிய நிலங்களின் மேல் அந்தக் காலம் முழுக்க ஒரு மோகம் இருந்தது. ஏடு வெளிவருவதற்கு மூன்றாண்டு முன்பு, 1864இல், விலங்கியலாளர் ஸ்கிளேட்டர் மடகாஸ்கரிலும் இந்தியாவிலும் லெமூர் வகை விலங்குகள் காணப்படுவதை விளக்க ‘லெமூரியா’வைக் கற்பித்தார். அது நேர்மையான ஊகம். கண்டங்களே நகர்கின்றன என்று தெரிந்ததும் அறிவியல் அதைக் கைவிட்டது. தமிழில் அது வேறு பெயரோடு இன்னும் மிதக்கிறது.

வேடிக்கை என்னவென்றால், வடகடலுக்கு அடியில் உண்மையாகவே ஒரு நிலம் மூழ்கிக் கிடக்கிறது. டாகர்லாந்து என்று இப்போது அழைக்கிறார்கள். பனியுகம் முடிந்து கடல் ஏறியபோது கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீருக்குள் போய், ஏறத்தாழ 8,000 ஆண்டுகளுக்கு முன் மறைந்த நிலம். 1931இல் ‘கொலிண்டா’ என்ற இழுவைப் படகின் வலையில், இங்கிலாந்தின் நார்ஃபோக் கரைக்கு அப்பால், கரிமண் கட்டி ஒன்று சிக்கியது. மீனவர்கள் இத்தகைய கட்டிகளை உடைத்துக் கடலிலேயே தள்ளிவிடுவது வழக்கம். மண்வெட்டியால் உடைத்தபோது ஏதோ ‘டக்’கென்று தட்டுப்பட்டது. மான்கொம்பில் செதுக்கிய ஈட்டிமுனை. ஒரு சாணுக்குச் சற்றுக் குறைவான நீளம், வயது பத்தாயிரம் ஆண்டுக்கும் மேல். அதில் எழுத்து எதுவும் இல்லை. ஒரு பக்க விளிம்பில் மட்டும், குத்தினால் பிடுங்கிக்கொள்ளாதபடி, வரிசையாக முட்கள் செதுக்கப்பட்டிருந்தன.