நிலவழக்கும் நீதிமன்றத்தின் பண வரம்பும்

அந்தமான் நிக்கோபார் தீவுகளில் நில வழக்குக்காகக் கடல் கடந்து நீதிமன்றம் வருவோர் உண்டு. பல்லாண்டு நடந்து தீர்ப்பான வழக்கு, சொத்தின் மதிப்பு அந்நீதிமன்றத்தின் பண வரம்பைக் கடந்தது என்ற ஒரே காரணத்தால் மேல்முறையீட்டில் வீழ்ந்தால் அவர்கள் நிலை என்ன?

1908-ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டம் இதற்கு விடை தருகிறது. நிலம் அமைந்துள்ள பகுதியில், விசாரிக்கத் தகுதியுள்ள மிகக் கீழ்நிலை நீதிமன்றத்திலேயே வழக்குத் தொடர வேண்டும். 1976-ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, பண வரம்பு பற்றிய ஆட்சேபணையை எழுவினாக்கள் வகுக்கப்படும்போதோ அதற்கு முன்போ எழுப்ப வேண்டும். அதனால் நீதி வழுவியதும் புலப்பட வேண்டும். இவையின்றி மேல்முறையீட்டு நீதிமன்றம் அதனை ஏற்பதில்லை. வழக்கு வேறு நீதிமன்றத்தில் நடந்தது என்பது மட்டுமே பாதிப்பாகாது என உச்ச நீதிமன்றம் 1954-இல் கிரண் சிங் வழக்கில் தெளிவுபடுத்தியிருந்தது.

பிழை தொடக்கத்திலேயே தெரிந்தால், உரிய நீதிமன்றத்தில் தாக்கல் செய்வதற்காக வழக்குரை திருப்பித் தரப்படும். நல்லெண்ணத்தோடும் கவனத்தோடும் நடத்திய காலம், 1963-ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டப்படி கணக்கிலிருந்து விலக்கப்படும்.

சொத்தின் மதிப்பைச் சரியாகக் குறிப்பது வாதியின் கடமை. ஆட்சேபணையைக் காலத்தே கூறுவது பிரதிவாதியின் கடமை.