உப்பளத்தில் இருந்து 108: மரக்காணம் கடற்கரைக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

கிழக்குக் கடற்கரைச் சாலையில் மரக்காணத்தை நெருங்கும்போது உப்புப் பாத்திகள் தொடங்கிவிடும். கழுவெளி ஏரியின் உப்பங்கழியை ஒட்டி, கண் போகும் தூரம் வரை வரப்பும் வாய்க்காலும் உப்பு அம்பாரமும்தான். தெருப் பெயர் கிடையாது, கதவு எண் கிடையாது. ஒரு பாத்திக்கும் அடுத்ததற்கும் என்ன வித்தியாசம் என்பது வெளியூர்க்காரருக்குத் தெரியாது. இங்கே ஒருவர் வெயிலில் சுருண்டு விழுந்தால் 108-ஐ அழைக்க வேண்டும் என்பது எல்லோருக்கும் தெரியும். “எங்கே வரணும்?” என்று மறுமுனையில் கேட்டதும்தான் திணறல் ஆரம்பிக்கிறது. இந்த வழிகாட்டியின் முக்கியப் பகுதி அந்த ஒரு கேள்விக்கான பதில்தான்.

எந்த எண்ணை அழைப்பது?

தமிழ்நாட்டில் 108 ஆம்புலன்ஸ் சேவை 2008 செப்டம்பரில் தொடங்கியது. கட்டணம் கிடையாது. நீங்கள் மரக்காணத்தில் இருந்து அழைத்தாலும் பேசுகிறவர் இருப்பது சென்னைக் கட்டுப்பாட்டு மையத்தில். அவர் உங்கள் ஊரைப் பார்த்திருக்க வேண்டிய அவசியமில்லை. ‘நம்ம ஊர் ஆள்தானே, புரிஞ்சுக்குவார்’ என்று நினைத்துக்கொண்டு பேச்சைத் தொடங்காதீர்கள்.

112 என்பது நாடு முழுவதற்குமான பொது எண். தமிழ்நாடு 2019 பிப்ரவரியில் இதில் இணைந்தது. காவல், தீயணைப்பு, ஆம்புலன்ஸ் மூன்றுக்கும் இந்த ஒரே எண் போதும். ஆள் விழுந்து கிடக்கிறார், அடிபட்டிருக்கிறார், பிரசவ வலி என்றால் நேராக 108-ஐ அழைப்பதே என் பரிந்துரை; ஒருவர் கேட்டு இன்னொருவருக்கு மாற்றிவிடும் நேரம் மிச்சம். சண்டை, விபத்து, தீ என்று எல்லாம் கலந்திருந்தால், அல்லது பதற்றத்தில் வேறு எதுவும் நினைவுக்கு வராவிட்டால் 112.

கடலில் ஆபத்து என்றால் கடலோரக் காவல் படைக்கு 1554, தமிழகக் கடலோரப் பாதுகாப்புக் குழுமத்துக்கு 1093. வெள்ளம், புயல் என்றால் மாவட்டக் கட்டுப்பாட்டு அறை 1077, மாநிலக் கட்டுப்பாட்டு அறை 1070. செல்போனில் 1077-ஐ அழைக்கும்போது விழுப்புரத்தின் குறியீடான 04146-ஐ முன்னால் சேர்த்துக்கொள்ளுங்கள். வேறு மாவட்டத்துக்குப் போய்ச் சேராது. குழந்தைகளுக்கு 1098, பெண்களுக்கு 181.

போனை முன்கூட்டியே தயார் செய்யுங்கள்

உப்பு வாரப் போகிற பெண்கள் போனைச் சாப்பாட்டுப் பையில் போட்டுக் கொட்டகையில் மாட்டிவிட்டுத்தான் பாத்தியில் இறங்குகிறார்கள். உப்புத் தண்ணீர் பட்டால் போன் போய்விடும் என்ற பயம் நியாயமானது. ஆனால் கொட்டகை தூரத்தில் இருந்தால் ஓடிப்போய் எடுப்பதற்குள் நேரம் கரைந்துவிடும். ஒவ்வொரு குழுவிலும் ஒருவர் போனை பிளாஸ்டிக் உறையில் போட்டு வரப்பில், கைக்கு எட்டும் இடத்தில் வைத்திருக்கட்டும். அது யாருடைய போன் என்பதைக் காலையிலேயே பேசி முடிவு செய்துகொள்ளுங்கள்.

2017-க்குப் பிறகு இந்தியாவில் விற்பனைக்கு வந்த போன்களில் அவசரப் பொத்தான் வசதி இருக்க வேண்டும் என்பது விதி. பட்டன் போனில் 5 அல்லது 9 எண்ணை அழுத்திப் பிடிக்க வேண்டும். ஸ்மார்ட்போனில் பவர் பட்டனை வேகமாக மூன்று முறை அழுத்த வேண்டும். சில போன்களில் இந்த முறை மாறும். அமைப்புகளுக்குள் ‘அவசரம்’ என்ற பகுதியில் பார்த்துத் தெரிந்துகொள்ளுங்கள். பூட்டிய திரையிலும் ‘அவசர அழைப்பு’ என்று ஒரு வரி இருக்கும். கடவுச்சொல் தெரியாத போனில் இருந்தும் அதைத் தொட்டு 112-ஐ அழைக்கலாம். மயங்கிக் கிடப்பவரின் சொந்தப் போனையே இதற்குப் பயன்படுத்தலாம் என்பது பலருக்குத் தெரியாது.

தவறுதலாக அழைப்பு போய்விட்டால் பயந்து துண்டிக்காதீர்கள். “தெரியாம கை பட்டுடுச்சு, இங்க ஒண்ணும் பிரச்சினை இல்ல” என்று சொல்லிவிட்டு வையுங்கள். சொல்லாமல் துண்டித்தால் அவர்கள் திரும்ப அழைத்துப் பார்க்க நேரிடும். அந்த நேரத்தில் இன்னொருவர் வரிசையில் காத்திருப்பார். 1935-இல் லண்டனில் ஒரு வீட்டில் தீப்பிடித்து ஐந்து பெண்கள் இறந்தார்கள். எதிர் வீட்டுக்காரர் போன் செய்தபோது அவருடைய அழைப்பு சாதாரண அழைப்புகளோடு வரிசையில் நின்றது. அந்தத் துயரத்துக்குப் பிறகுதான் 1937-இல் 999 என்ற எண் வந்தது. அவசர அழைப்புக்கென்று தனி வழி வேண்டும் என்பது அப்படிப் பிறந்த எண்ணம். அந்த வழியை அடைக்காமல் வைத்திருப்பது நம் பொறுப்பு.

இடத்தைச் சொல்வது எப்படி?

பெரியதில் தொடங்கிச் சிறியதில் முடியுங்கள்: மாவட்டம், தாலுகா, ஊர், சாலை, திருப்பம், அடையாளம். மாவட்டத்தை முதலில் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. வடக்கே கடப்பாக்கம் செங்கல்பட்டு மாவட்டம், தெற்கே காலாப்பட்டு புதுச்சேரி. எல்லைப் பகுதியில் உங்கள் போன் எந்தக் கோபுரத்தைப் பிடிக்கிறதோ, அதைப் பொறுத்து அழைப்பு பக்கத்துக் கட்டுப்பாட்டு அறைக்குப் போகவும் வாய்ப்பு உண்டு. “விழுப்புரம் மாவட்டம், மரக்காணம் தாலுகா” என்று எடுத்த எடுப்பில் சொல்லிவிட்டால் குழப்பம் அங்கேயே தீர்ந்துவிடும்.

அடுத்தது சாலை. கிழக்குக் கடற்கரைச் சாலையா, திண்டிவனம் சாலையா? பக்கத்துக் கிலோமீட்டர் கல்லில் என்ன எழுதியிருக்கிறது? கல் கண்ணில் படவில்லை என்றால் மின்கம்பத்தில் எண் இருக்கிறதா என்று பாருங்கள். பிறகு திசை: சென்னை பக்கமா, பாண்டி பக்கமா; சாலைக்குக் கிழக்கா, மேற்கா. ‘வலது பக்கம்’ என்று சொல்லாதீர்கள். எந்தப் பக்கத்தில் இருந்து வருகிறார்களோ, அதைப் பொறுத்து வலது இடதாகிவிடும்.

கடைசியாக அடையாளம். குத்தகைதாரர் பெயரைச் சொன்னால் உள்ளூர்க்காரருக்குப் புரியும், ஓட்டுநருக்குப் புரியாது. கண்ணுக்குத் தெரிகிற பொருளைச் சொல்லுங்கள்: தகரக் கொட்டகையின் நிறம், தண்ணீர்த் தொட்டி, கோயில், பாலம். உப்பு அம்பாரத்தை அடையாளமாகச் சொல்லவே வேண்டாம். நாலா பக்கமும் அதுதான் இருக்கிறது.

ஸ்மார்ட்போன் இருந்தால் இன்னொரு வழி உண்டு. அஞ்சல் துறை 2025-இல் டிஜிபின் என்ற முகவரி முறையைக் கொண்டுவந்தது. நாடு முழுவதையும் ஏறக்குறைய 4 மீட்டருக்கு 4 மீட்டர் கட்டங்களாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்துக்கும் 10 எழுத்து-எண் கொண்ட குறியீடு கொடுத்திருக்கிறார்கள். கதவு எண்ணே இல்லாத உப்பளத்துக்கு இதைவிடப் பொருத்தமான ஏற்பாட்டை நான் பார்த்ததில்லை. உங்கள் கொட்டகையின் டிஜிபினை இன்றே எடுத்துக் கதவில் எழுதி வையுங்கள். வண்டி கிளம்பியதும் ஓட்டுநர் உங்களை அழைப்பார். அப்போது அந்தக் குறியீட்டையோ வாட்ஸ்அப் லொகேஷனையோ அனுப்பலாம்.

ஓர் அழைப்பு எப்படி இருக்க வேண்டும்?

உதாரணத்துக்கு ஒன்று:

“108 ஆம்புலன்ஸ், சொல்லுங்க, என்ன அவசரம்?”

“விழுப்புரம் மாவட்டம், மரக்காணம் தாலுகா. உப்பளத்துல எங்க பெரியம்மா மயங்கி விழுந்துட்டாங்க.”

“பேச்சு இருக்காம்மா? மூச்சு விடுறாங்களா?”

“மூச்சு இருக்கு. பேச்சு கொழறுது. உடம்பு நெருப்பா கொதிக்குது.”

“எந்த இடம்மா?”

“ஈசிஆர் ரோடு, மரக்காணம் தாண்டி சென்னை பக்கமா வரணும். ரோட்டுக்கு மேற்கால உப்பு லாரி போற மண்பாதை. பாதை தொடங்குற இடத்துல நீலத் தகரக் கொட்டகை. அங்க எங்க தம்பி சிவப்புத் துண்டோட நிப்பான்.”

“வண்டி அனுப்புறோம்மா. இதே நம்பருக்கு டிரைவர் கூப்பிடுவார். வேற யாருக்கும் போன் போட்டு லைனை பிஸியா வைக்காதீங்க.”

கேள்விக்குப் பதில் சொல்லும்போது வண்டி தாமதமாகிறதே என்று கோபப்படாதீர்கள். எந்த வண்டி, என்ன கருவி என்பதை அந்தப் பதில்கள்தான் முடிவு செய்கின்றன. ‘வைக்கலாம்’ என்று அவர்கள் சொல்லும்வரை வைக்காதீர்கள். உறவினர்களுக்குச் சொல்வதை இன்னொருவர், இன்னொரு போனில் செய்யட்டும்.

வண்டி வரும்வரை

ஆம்புலன்ஸ் வரப்பின் மேல் வராது. சாலை முனைக்கு ஒருவரை உடனே அனுப்புங்கள். லோடு ஏற்றும் லாரி மண்பாதையை அடைத்து நின்றால் முதலில் அதை நகர்த்தச் சொல்லுங்கள்.

வெப்பத் தாக்கு என்றால் நிழலுக்குக் கொண்டுபோய், உடம்பில் நல்ல தண்ணீரை ஊற்றி, விசிறிவிடுங்கள். கழுத்திலும் அக்குளிலும் ஈரத்துணி வையுங்கள். நினைவில்லாதவர் வாயில் தண்ணீர் ஊற்றக் கூடாது. பாம்புக்கடி என்றால் கீறாதீர்கள், இறுக்கிக் கட்டாதீர்கள். மெட்டி, மோதிரத்தைக் கழற்றி, கடிபட்ட காலை அசையாமல் வைத்து, கடித்த நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். விஷமுறிவு மருந்துக்கு வேண்டிய விஷத்தை எடுத்துக் கொடுக்கும் இருளர் கூட்டுறவுச் சங்கம் இதே கடற்கரைச் சாலையில், வடநெம்மேலியில்தான் 1978 முதல் இயங்குகிறது. மருந்து இருக்கிறது, ஆள் மருத்துவமனைக்கு நேரத்தோடு போய்ச் சேர வேண்டும், அவ்வளவுதான்.

இன்னொன்றையும் வெளிப்படையாகச் சொல்ல வேண்டும். 2023 மே மாதத்தில் மரக்காணம் எக்கியார்குப்பத்தில் மெத்தனால் கலந்த சாராயம் குடித்துப் பத்துக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தார்கள். குடித்தவருக்கு வாந்தி, வயிற்று வலி, கண் மங்கல் என்றால் போலீஸுக்குத் தெரிந்துவிடுமோ என்று யோசிக்காமல் 108-ஐ அழையுங்கள். என்ன குடித்தார், எப்போது குடித்தார் என்பதை மறைக்காமல் சொல்லுங்கள். சிகிச்சை அந்தத் தகவலில்தான் தொடங்குகிறது. கூடக் குடித்தவர்களையும், தொந்தரவு தெரியாவிட்டாலும், அழைத்துப் போங்கள்.

கடலில் இருப்பவர்களுக்கு

கரையில் இருந்து சில கிலோமீட்டர் போனதும் செல்போன் அடங்கிவிடும். அதற்கு மேல் விஎச்எஃப் கருவியில் 16-ஆம் சேனல்தான் துணை. இஸ்ரோ உருவாக்கிய அபாய அறிவிப்புக் கருவியின் இரண்டாம் தலைமுறை 2024 ஜனவரியில் வந்தது. பழைய கருவி செய்தியை அனுப்பும், போய்ச் சேர்ந்ததா என்று தெரியாது. புதியதில் ‘கிடைத்தது’ என்ற பதில் படகுக்கே திரும்பி வரும். நடுக்கடலில் தவிப்பவருக்கு அந்தப் பதில் எவ்வளவு பெரிய தெம்பு!

புயல் நாட்களில்

2020 நவம்பரில் நிவர் மரக்காணத்துக்கு அருகேதான் கரையைக் கடந்தது. 2024 நவம்பர் 30 அன்று புதுச்சேரி அருகே ஃபெஞ்சல் கரையேறியபோது மயிலத்தில் 50 சென்டிமீட்டர் அளவுக்கு மழை கொட்டியது, மரக்காணம் உப்பளங்கள் மூழ்கின. இப்படிப்பட்ட இரவுகளில் மின்சாரம் போகும், பின்னாலேயே கோபுரமும் போகும். உங்கள் நிறுவனத்தின் சிக்னல் இல்லை என்றாலும் 112-ஐ முயன்று பாருங்கள். அவசர அழைப்பு வேறு நிறுவனத்தின் கோபுரம் வழியாகவும் போகக்கூடும். பேச்சு போகாத இடத்தில் குறுஞ்செய்தி போகலாம்.

எச்சரிக்கை நம்மைத் தேடி வரும் வழிகளையும் திறந்து வையுங்கள். டிஎன்-அலர்ட் செயலி தமிழில் வானிலை எச்சரிக்கை தருகிறது. போன் அலறி, திரையில் செய்தி வரும் செல் பிராட்காஸ்ட் முறை தமிழ்நாட்டில் 2023 அக்டோபரில் சோதிக்கப்பட்டது. போன் அமைப்புகளில் அதை அணைத்து வைக்காதீர்கள்.

நவீனமாக்குவது: ஊர் செய்யக்கூடியது, அரசு செய்ய வேண்டியது

2004 சுனாமியின்போது புதுச்சேரிக்குத் தெற்கே நல்லவாடு கிராமத்துக்குச் சிங்கப்பூரில் இருந்து ஒரு போன் வந்தது. அந்த ஊர்க்காரர் ஒருவர் தொலைக்காட்சியில் செய்தியைப் பார்த்துவிட்டு அழைத்தார். எம்.எஸ். சுவாமிநாதன் ஆய்வு நிறுவனம் அமைத்திருந்த கிராம அறிவு மையத்தின் ஒலிபெருக்கியில் அறிவித்தார்கள். மக்கள் கரையை விட்டு ஓடிப் பிழைத்தார்கள். ஒரு போன், ஒரு ஒலிபெருக்கி, அதை யார் எடுத்துப் பேசுவது என்று தெரிந்த ஊர். இந்த மூன்றும் சேர்ந்தால் அதுவே அவசர அழைப்பு அமைப்பு. மரக்காணத்துக் குப்பங்களிலும் ஒலிபெருக்கியும் அதற்கு ஒரு பேட்டரியும் இருப்பதை ஊராட்சிகள் உறுதி செய்ய வேண்டும்.

அரசிடம் கேட்க வேண்டியவை இரண்டு. ஒன்று, அழைப்பவர் இருக்கும் இடம் தானாகவே கட்டுப்பாட்டு அறைத் திரையில் விழ வேண்டும். 2014-இல் பிரிட்டனில் தொடங்கிய இந்த வசதி இப்போதைய ஸ்மார்ட்போன்களுக்குள்ளேயே இருக்கிறது. அரசு தன் பக்கத்தில் இணைக்க வேண்டும். உத்தரப் பிரதேசம் 112-இல் இணைத்துவிட்டது. தமிழ்நாடு தாமதிக்கக் கூடாது. இரண்டு, புதுச்சேரியும் தமிழ்நாடும் எல்லையில் தடம் மாறி வரும் அழைப்பை ‘அது எங்க ஏரியா இல்ல’ என்று சொல்லாமல், எல்லா விவரத்தோடும் நொடியில் கைமாற்றிவிடும் ஏற்பாடு வேண்டும்.

உப்பளங்களுக்கு எண்ணிடும் வேலைக்கு அரசாணை வரும்வரை காத்திருக்க வேண்டாம். மழைக்குப் பிறகு பாத்திகளைச் சீர்செய்யும் நாட்களில், குத்தகைதாரர்கள் சேர்ந்து ஒவ்வொரு மண்பாதையின் முகப்பிலும் ஒரு பலகை நடலாம். பெரிய எழுத்தில் ஓர் எண், கீழே டிஜிபின், அதற்குக் கீழே 108. உப்புக் காற்றில் இரும்பு சீக்கிரம் துருப்பிடிக்கும். சிமெண்ட் பலகையில் பெயிண்ட் அடித்து ஆண்டுக்கு ஒரு முறை புதுப்பியுங்கள். எண்களைப் பட்டியலிட்டு, அதன் ஒரு பிரதியை உள்ளூர் 108 ஓட்டுநர்களிடமும் காவல் நிலையத்திலும் கொடுத்து, ஒரு நாள் ஓட்டுநரை அழைத்து எல்லாப் பாதைகளையும் நேரில் காட்டிவிடுங்கள்.