தீப்பெட்டியும் தீர்வையும்

பத்தாம் வகுப்பு மாணவி

முன்னுரை

கார்த்திகைத் தீபத்தன்று நம் ஊரில் வீடுதோறும் அகல் விளக்குகள் ஒளிர்கின்றன. நம் பள்ளிச் சிற்றாலயத்தில் நாள்தோறும் மெழுகுதிரிகள் எரிகின்றன. அகலாயினும் மெழுகுதிரியாயினும் முதலில் வேண்டுவது ஒரு தீக்குச்சியே. சில்லறைக் காசுக்கு வாங்கும் தீப்பெட்டியை நாம் எவரும் உற்று நோக்குவதில்லை. அதைச் செய்தது கையா, இயந்திரமா? செய்தவருக்கு என்ன கூலி கிடைத்தது? இக்கேள்விகளுக்கு விடை தேடிப் புறப்பட்டால், வழியில் நம்மை எதிர்கொள்வது வரி என்னும் பொருள்.

சமூக அறிவியலில் 'அரசாங்கமும் வரிகளும்' என்னும் பாடத்தை நாம் படிக்கிறோம். அரசுக்கு வருவாய் தருவது வரி என்று எழுதி மதிப்பெண் பெறுகிறோம். ஆனால் வரி அரசின் கருவூலத்தை நிரப்புவதோடு நிற்பதில்லை. யாருக்கு வேலை கிடைக்கும், யாருக்குக் கிடைக்காது என்பதையும் அது ஓரளவு முடிவு செய்கிறது. இதனைத் தமிழ்நாட்டுத் தீப்பெட்டித் தொழிலைக் கொண்டு காண்போம்.

நேர்முக வரியும் உழைப்பும்

வருமான வரி நேர்முக வரியாகும். அது கூடினால் மனிதர் குறைவாக உழைப்பாரா, கூடுதலாக உழைப்பாரா? பொருளியல் அறிஞர்கள் இதற்கு இரு விடைகள் கூறுகின்றனர். கூடுதலாக ஒரு மணி நேரம் உழைத்தால் கையில் நிற்பது கொஞ்சமே என்று கண்டவர், அந்த ஒரு மணி நேரத்தை ஓய்வில் கழிக்க விரும்பலாம். இது பதிலீட்டு விளைவு. வரி போக மீதி குடும்பத்துக்குப் போதவில்லை என்று கண்ட மற்றொருவர், குறையை ஈடு செய்ய முன்னிலும் அதிகமாக உழைக்கலாம். இது வருமான விளைவு. இவற்றுள் எது வலியது என்பது ஆளுக்கு ஆள் மாறும்.

நம் நாட்டில் 1973-74ஆம் ஆண்டில் இரண்டு இலட்சம் ரூபாய்க்கு மேற்பட்ட வருமானத்தின் மீது, கூடுதல் வரியும் சேர்த்து, 97.75 சதவீதம் வருமான வரி விதிக்கப்பட்டது. அதாவது, மேற்கொண்டு ஈட்டும் ஒவ்வொரு நூறு ரூபாயிலும் ஈட்டியவருக்கு எஞ்சியது இரண்டே கால் ரூபாய்தான்! உழைப்பில் ஊக்கம் குன்றும்; கணக்கை மறைக்கும் ஆசையும் பிறக்கும். வாஞ்சூ குழு இதனைச் சுட்டிக்காட்டிய பின்னர், 1974-75இல் இந்த உச்ச விகிதம் 77 சதவீதமாகக் குறைக்கப்பட்டது.

ஆனால் தோழியரே, நம் மாவட்டத்தில் களை எடுப்பவரும் கல் உடைப்பவரும் நெசவு நெய்பவரும் வருமான வரி கட்டும் நிலையிலா இருக்கிறார்கள்? அவர்களைத் தொடுவது மறைமுக வரியே. அது அவர்கள் வாங்கும் பொருளின் விலையில் கலந்து வருகிறது. அவர்கள் செய்யும் பொருளின் மீதும் விழுந்து, அவர்களுடைய வேலையையே கூட்டவோ குறைக்கவோ செய்கிறது.

தீர்வை கொடுத்த வேலை

முற்காலத்தில் இந்தியாவுக்குத் தீப்பெட்டிகள் சுவீடனிலிருந்தும் ஜப்பானிலிருந்தும் கப்பலில் வந்தன. 1922ஆம் ஆண்டில் இறக்குமதித் தீர்வை ஒரு குரோசுக்கு ஒன்றரை ரூபாயாக உயர்த்தப்பட்டது. ஒரு குரோசு என்பது 144 பெட்டிகள். வெளிநாட்டுப் பெட்டி விலை ஏறவே, உள்நாட்டில் செய்வது இலாபமாயிற்று. சிவகாசியைச் சேர்ந்த அய்ய நாடாரும் சண்முக நாடாரும் கல்கத்தா சென்று இத்தொழிலைக் கற்று வந்து, 1923ஆம் ஆண்டில் தம் ஊரில் தொடங்கினர். அதே ஆண்டில் சுவீடன் நாட்டு நிறுவனமும் இந்தியாவிலேயே தொழிற்சாலைகள் அமைக்க முற்பட்டு, 'விம்கோ' என்னும் நிறுவனத்தைத் தொடங்கியது. சென்னைத் திருவொற்றியூரிலும் அதன் ஆலை இயங்கியது. துறைமுகத்தில் விதித்த ஒரு தீர்வை, கடல் கடந்து இருந்த வேலையை நம் மண்ணுக்குக் கொண்டுவந்தது எனலாம்.

பின்னர் 1934இல் உள்நாட்டுத் தீப்பெட்டிகளின் மீதும் கலால் வரி விதிக்கச் சட்டம் வந்தது. பெரிய ஆலையில் இயந்திரம் வேலை செய்யும். சிவகாசி, சாத்தூர், கோவில்பட்டிப் பகுதிகளில் குச்சிகளைக் கட்டையில் அடுக்குவதும், மருந்தில் முக்குவதும், பெட்டியில் அடைப்பதும், தாள் ஒட்டுவதும் கைகளே. அக்கைகளும் பெரும்பாலும் பெண்களின் கைகள். இருவருக்கும் ஒரே வரி என்றால் சிறியவர் நிலைக்க முடியாது. ஆகவே உற்பத்தியின் அளவைக் கொண்டு ஆலைகளை ஏ, பி, சி, டி என வகைப்படுத்தி, சிறியவற்றுக்குக் குறைந்த வரி விதித்தனர். பிற்காலத்தில் இயந்திரம் உண்டா இல்லையா என்பதே அளவுகோலாயிற்று.

இவ்வேறுபாட்டின் ஆற்றலை ஒரு சிறு கணக்கால் அறியலாம். கையால் செய்யும் ஒரு கட்டுத் தீப்பெட்டிக்கு அடக்க விலை 100 ரூபாய் என்றும், இயந்திரத்தால் செய்வதற்கு 90 ரூபாய் என்றும் வைத்துக்கொள்வோம். கைவேலைக்கு 5 சதவீதமும் இயந்திர வேலைக்கு 18 சதவீதமும் வரி என்றால், முன்னது 105 ரூபாய். பின்னது 106 ரூபாய் 20 காசு. கடைக்காரர் கைவேலைப் பெட்டியையே வாங்குவார். இரண்டுக்கும் 12 சதவீதம் என்று ஆக்கிவிட்டால், முன்னது 112 ரூபாய். பின்னது 100 ரூபாய் 80 காசு. இப்போது அவர் இயந்திரப் பெட்டியை நாடுவார். தொழிலாளியின் திறமை மாறவில்லை. இயந்திரத்தின் வேகமும் மாறவில்லை. மாறியது வரி ஒன்றே. வேலையோ இடம் மாறிவிட்டது!

நாணயத்தின் மறுபக்கம்

வரிச் சலுகையால் வானம் பார்த்த கரிசல் பூமியில் மழை பொய்த்த ஆண்டுகளிலும் அடுப்புகள் எரிந்தன. இதனை எவரும் மறுக்க முடியாது. ஆயினும் சலுகைக்கு மற்றொரு முகமும் உண்டு.

சிறிய ஆலைக்கே குறைந்த வரி என்றால், வளர்வது நட்டம் அல்லவா? எனவே ஒரே உரிமையாளர் தம் தொழிலைப் பல பெயர்களில் சிறு சிறு ஆலைகளாகப் பிரித்து நடத்தும் வழக்கம் பரவியது. இயந்திரம் வைத்தால் வரி ஏறும் என்பதால், உழைப்பை எளிதாக்கும் கருவிகளும் வர மறுத்தன. துண்டுக் கணக்கில் கூலி தந்து, வேலையை வீடுகளுக்கே அனுப்பினர். துண்டுக் கணக்கில் கூலி என்றால், வீட்டில் எத்தனை கைகள் உண்டோ அத்தனை கைகளும் வேலையில் இறங்கும். அவற்றுள் சிறுவர் சிறுமியரின் பிஞ்சுக் கைகளும் இருந்தன.

இதனை நான் நூலில் மட்டும் படிக்கவில்லை. தீப்பெட்டித் தொழில் தெற்கே மட்டுமன்றி நமக்கு வடக்கே குடியாத்தத்திலும் நடைபெற்று வந்தது. 1989ஆம் ஆண்டில் திருவண்ணாமலை தனி மாவட்டமாகும் வரை, நம் ஊரும் குடியாத்தமும் ஒரே வட ஆர்க்காடு மாவட்டத்தில்தான் இருந்தன. என் தாய்வழிப் பாட்டி பிறந்தது குடியாத்தத்தை அடுத்த ஒரு சிற்றூர். மூன்றாம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு, வீட்டுத் திண்ணையில் அமர்ந்து மரச்சீவலை மடித்து, நீலத் தாளைச் சுற்றித் தீப்பெட்டிக் கூடு ஒட்டினார்கள். "பள்ளிக்கூட மணி கேக்கும் பாப்பா. நான் பசை கிண்டிக்கிட்டு இருப்பேன்" என்று அவர்கள் சொன்னபோது என் கண்கள் கலங்கின. "அப்படியானால் அந்த வேலையே இல்லாதிருந்தால் நல்லதா பாட்டி?" என்று கேட்டேன். சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அந்த வேலை இல்லாட்டி அந்த வருசம் எங்க வீட்டுல உலை கொதிச்சிருக்காது" என்றார்கள்.

இக்கட்டுரையை எழுதத் தூண்டியது அந்த விடையே. வேலை கொடுத்த வரிச் சலுகைக்குக் குழந்தை எது, வளர்ந்தவர் எது என்று பிரித்தறியத் தெரியாது. மலிவான கை எதுவோ அதையே அது அழைத்தது. பிரித்தறிவதற்கு வேறு சட்டங்கள் தேவைப்பட்டன.

சட்டமும் சத்துணவும்

1986ஆம் ஆண்டுக் குழந்தைத் தொழிலாளர் சட்டம், தீப்பெட்டித் தொழிலில் பதினான்கு வயது நிறையாத குழந்தைகளை அமர்த்துவதைத் தடை செய்தது. சிவகாசிக் குழந்தைகளுக்காக வழக்கறிஞர் எம். சி. மேத்தா தொடுத்த வழக்கில், 1996 டிசம்பர் 10 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சட்டத்தை மீறிக் குழந்தையை வேலைக்கு வைத்த முதலாளி, ஒரு குழந்தைக்கு 20,000 ரூபாய் வீதம் செலுத்த வேண்டும் என்று ஆணையிட்டது.

தண்டனை மட்டும் போதுமா? பசித்த குழந்தை வேலைக்குப் போகாவிடில் உணவுக்கு என்ன செய்யும்? இங்கேதான் வரியின் மற்றொரு பணியைக் காண்கிறோம். 1956ஆம் ஆண்டில் காமராசர் மதிய உணவுத் திட்டத்தை எட்டயபுரத்தில் தொடங்கி வைத்தார். தீப்பெட்டி ஆலைகள் நிறைந்த வட்டாரத்தில் உள்ள ஊர் அது. 1982இல் எம். ஜி. ஆர். சத்துணவுத் திட்டமாக அதனை விரிவாக்கினார். பள்ளியில் ஒரு வேளைச் சோறு கிடைக்கும் என்றதும், ஒட்டிய பெட்டிக்குக் கிடைக்கும் காசுக்குப் போட்டியாகப் பள்ளி நின்றது. மக்களிடம் வாங்கிய வரிப்பணம் சோறாகவும் புத்தகமாகவும் திரும்பி வந்தபோது, குழந்தைகள் உழைப்புச் சந்தையிலிருந்து வகுப்பறைக்கு நடந்தார்கள். ஆகவே வரி எவ்வளவு வாங்கப்படுகிறது என்பதைப் போலவே, அது எங்கே செலவாகிறது என்பதும் உழைப்பை மாற்றுகிறது.

அண்மைக் கால மாற்றங்கள்

2017 ஜூலை 1 அன்று சரக்கு மற்றும் சேவை வரி நடைமுறைக்கு வந்தது. கையால் செய்த தீப்பெட்டிக்கு 5 சதவீதம், மற்றவற்றுக்கு 18 சதவீதம் என முதலில் விதிக்கப்பட்டது. மேலே நான் கணக்கில் எடுத்துக்கொண்ட விகிதங்கள் இவையே. 2020 ஏப்ரல் 1 முதல் இரண்டுக்கும் 12 சதவீதம் என ஒன்றாக்கினர். கைத்தொழிலுக்கு இருந்த வேலி அன்று எடுக்கப்பட்டது. மூலப்பொருள் விலையும் ஏறியதால், 2021 டிசம்பர் 1 முதல் ஒரு ரூபாய்த் தீப்பெட்டி இரண்டு ரூபாயாயிற்று. பதினான்கு ஆண்டுகள் மாறாதிருந்த விலை அது.

இதற்கிடையே வெளிநாட்டு நெகிழி லைட்டர்களும் கடைகளில் குவிந்தன. 2023 ஜூன் மாதத்தில், இருபது ரூபாய்க்குக் குறைந்த மதிப்புள்ள லைட்டர்களின் இறக்குமதியை மத்திய அரசு தடை செய்தது. 1922இல் தீர்வை செய்த வேலையை, நூறு ஆண்டுகளுக்குப் பின் தடையாணை செய்தது எனலாம்.

வேலி எடுத்தது தவறா என்று கேட்டால், ஒரு சொல்லில் விடை கூற இயலாது. இயந்திரம் வந்தால், மருந்து முக்கும் இடத்தில் தீ விபத்துக்கு அஞ்சி நிற்கும் ஆட்கள் குறைவார்கள். ஓர் ஆள் செய்யும் பொருளின் அளவு கூடுவதால் கூலி உயரவும் வழி உண்டு. ஆனால் ஐம்பது வயதில் கட்டை அடுக்குவது ஒன்றையே கற்ற ஒரு தாய், மறுநாள் வேறு எந்த வேலைக்குப் போவார்? வரியை ஒரே நாளில் மாற்றலாம். ஒரு தொழிலாளியின் கைப்பழக்கத்தை ஒரே நாளில் மாற்ற முடியாது. ஆகையால் வரியை மாற்றும் அரசு, முன்கூட்டியே அறிவித்துச் சிறிது சிறிதாக மாற்றுவதும், வேறு தொழில் கற்பிப்பதும், வயதானவர்க்கு ஓய்வூதியம் தருவதும் நன்று.

முடிவுரை

வரி தண்டுவோர் திருமுழுக்கு யோவானிடம் வந்து தாங்கள் செய்ய வேண்டியது யாதெனக் கேட்டதாக நற்செய்தியில் வாசிக்கிறோம். விதித்ததற்கு மேல் வாங்க வேண்டாம் என்பது அவர் அறிவுரை. அது வாங்குவோருக்கு. விதிப்போரும் ஒரு கேள்வியைத் தம்முள் கேட்டுக்கொள்ள வேண்டும். இவ்வரியால் எத்தனை பேருக்கு வேலை என்று எண்ணுவதோடு, அவ்வேலை செய்பவர் யார், அவர் வயது என்ன, கூலி என்ன என்றும் எண்ண வேண்டும்.

என் பாட்டி இப்போதும் தீப்பெட்டியை உரசுமுன் அதன் ஓரத்தை விரலால் தடவிப் பார்ப்பார்கள். "இது மிசின்ல ஒட்டினது, ஓரம் பிசிறில்லாம இருக்கு" என்பார்கள். அந்தக் குரலில் மகிழ்ச்சியா வருத்தமா என்று என்னால் அறிய முடிந்ததில்லை. மூன்றாம் வகுப்போடு நின்ற அவர்களுடைய பேத்தி பத்தாம் வகுப்பில் அமர்ந்து வரியைப் பற்றி எழுதுகிறாள். வளர்ந்து பெரியவர்களாகி வரி கட்டும் நாளிலும், நம்மில் சிலர் வரி விதிக்கும் பொறுப்புக்கு வரும் நாளிலும், திண்ணையில் பசை கிண்டிய அச்சிறுமியை நாம் மறவாதிருப்போமாக!