ஓலையில் பெயர் இல்லாத நாடகங்கள்



ஹாம்லெட், மாக்பெத் எல்லாம் ஷேக்ஸ்பியர் எழுதியது என்றுதான் நாம் படிக்கிறோம். ஆனால் 'அவர் எழுதவே இல்லை' என்று சொல்லும் புத்தகங்கள் 150 வருஷத்துக்கும் மேலாக வந்துகொண்டே இருக்கின்றன. 1857இல் டெலியா பேக்கன் என்ற அமெரிக்கப் பெண்மணி ஒரு பெரிய புத்தகம் போட்டார். பிரான்சிஸ் பேக்கன் முதலான சில பெரிய மனிதர்கள் கூடி எழுதிய நாடகங்கள் அவை என்பது அவர் கட்சி. 1920இல் தாமஸ் லூனி என்ற பள்ளி ஆசிரியர், 'அதெல்லாம் இல்லை, எழுதியது ஆக்ஸ்ஃபோர்டு பிரபு' என்று இன்னொரு புத்தகம் எழுதினார். கையுறை செய்து விற்றவர் மகனுக்கு அரண்மனை விஷயம் எப்படித் தெரியும் என்பதுதான் பாதிப் பேருடைய சந்தேகம். எனக்கு அந்தக் கேள்வியே பிடிக்கவில்லை. நாடகங்களைத் தொகுத்து 1623இல் அச்சுக்குக் கொடுத்தவர்கள் அவரோடு மேடையில் நடித்தவர்கள். அவர்கள் ஷேக்ஸ்பியர் பெயரைத்தான் போட்டார்கள். கூட நடிச்சவங்களுக்குத் தெரியாதா?

நம்ம பக்கத்தில் இதைவிடச் சிக்கலான வழக்கு ஒன்று இருக்கிறது. ஷேக்ஸ்பியர் விஷயத்தில் புத்தகத்தில் பெயர் இருக்கிறது, ஆளைத்தான் சந்தேகப்படுகிறார்கள். இங்கே முதலில் பெயர் மட்டும் இருந்தது, நாடகம் ஒன்றுகூட இல்லை. பிறகு நாடகங்கள் கிடைத்தன, அவற்றில் பெயர் இல்லை! இரண்டையும் சேர்த்து வைத்தவர் நம்ம திருநெல்வேலிக்காரர். அவர் சேர்த்தது சரியா தப்பா என்று நூறு வருஷமாக வாதம் நடக்கிறது.

அந்தப் பெயர் பாசன். வடமொழி நாடக ஆசிரியர். காளிதாசனே தன் மாளவிகாக்கினிமித்திரம் நாடகத்தின் தொடக்கத்தில், பாசன் போன்ற புகழ்பெற்ற கவிகள் இருக்கும்போது புதியவனான காளிதாசன் நாடகத்தை எதற்குப் போட வேண்டும் என்று ஒரு பாத்திரத்தைக் கேட்க வைக்கிறான். 7ஆம் நூற்றாண்டில் பாணர் என்ற கவிஞர், பாசனின் நாடகங்களைச் சூத்திரதாரன் தொடங்கி வைப்பான் என்று எழுதியிருக்கிறார். பின்னால் வந்த ராஜசேகரர் ஒரு கதையே சொல்கிறார்: பாசனின் நாடகங்களைச் சோதிக்க நெருப்பில் போட்டார்களாம், 'ஸ்வப்னவாசவதத்தம்' மட்டும் எரியவில்லையாம். இத்தனை பேர் புகழ்ந்தும் 20ஆம் நூற்றாண்டு தொடங்கும்வரை பாசன் நாடகம் எதுவும் அச்சில் வரவில்லை. நெருப்பு விட்டு வைத்ததைக் கரையான் தின்றுவிட்டது என்றுதான் எல்லாரும் நினைத்திருப்பார்கள்.

இப்போது நம்ம ஆளுக்கு வருவோம். பேட்டையில் இருந்து பார்த்தால் ஆத்துக்கு அந்தப் பக்கம், முன்னீர்பள்ளம் பக்கத்தில் தருவை இருக்கிறது. அந்தத் தருவையில் 1860இல் பிறந்தவர் மகாமகோபாத்தியாய கணபதி சாஸ்திரி. திருவனந்தபுரம் போய், திருவிதாங்கூர் அரசாங்கத்தில் பழைய ஓலைச்சுவடிகளைத் தேடிப் பதிப்பிக்கும் வேலை பார்த்தார். தமிழுக்கு உ.வே.சாமிநாதையர் ஊர் ஊராக அலைந்தது போல வடமொழிச் சுவடிகளுக்கு இவர் அலைந்தார் என்று சொல்லலாம்.

1909இல் பத்மநாபபுரம் பக்கத்தில் மணலிக்கரை மடத்தில் ஒரு சுவடிக் கட்டு அவர் கைக்கு வந்தது. 105 ஓலை, மலையாள எழுத்து, வடமொழி நாடகங்கள். பத்து நாடகங்கள் முழுசாக, பதினொன்றாவது துண்டாக. தேடத் தேட இன்னும் கிடைத்து மொத்தம் 13 ஆனது. 1912 முதல் 1915 வரை திருவனந்தபுரம் சமஸ்கிருத நூல் வரிசையில் ஒவ்வொன்றாக வெளியிட்டார். பத்மநாபபுரமும் மணலிக்கரையும் அப்போது திருவிதாங்கூர். 1956 நவம்பர் 1 முதல் நம்ம கன்னியாகுமரி மாவட்டம். ஆக, கண்டுபிடித்தவர் ஊரும் கண்டெடுத்த ஊரும் இன்றைக்குத் தமிழ்நாட்டில்தான் இருக்கின்றன.

சரி, பெயரே இல்லாத ஓலையைப் பார்த்து 'இது பாசன்' என்று அவர் எப்படிச் சொன்னார்? வடமொழி நாடகத்தில் பொதுவாகத் தொடக்கத்திலேயே சூத்திரதாரன் வந்து, இன்ன கவி எழுதிய இன்ன நாடகம் என்று அறிவிப்பான். இந்த 13இலும் அந்த அறிவிப்பு கிடையாது. சாஸ்திரி என்ன செய்தார் என்றால், அந்த 13இல் ஒன்று 'ஸ்வப்னவாசவதத்தம்' என்பதைப் பிடித்துக்கொண்டார். நெருப்பில் எரியாதது பாசனின் இந்த நாடகம் என்று ராஜசேகரர் சொல்லியிருக்கிறார். ஆக ஒன்று பாசனுடையது. மற்ற பன்னிரண்டும் இதே மாதிரி நடக்கின்றன: எல்லாவற்றிலும் சூத்திரதாரன் வந்துதான் தொடங்குகிறான் (பாணர் சொன்னதும் இதைத்தானே), முன்னுரைப் பகுதிக்கு மற்ற நாடகங்களில் வரும் பெயர் இல்லாமல் 'ஸ்தாபனா' என்று பெயர், முடிவில் வரும் வாழ்த்து பலவற்றில் ஒரே மாதிரி, ஒரே வரிகள் திரும்பத் திரும்ப. ஆகையால் எல்லாம் ஒரே கை.

போன வருஷம் இந்தச் சுவர் இதழில் பேர் போடாமல் ஒரு கவிதை வந்தது ஞாபகம் இருக்கா? 'ழ'வுக்குப் போட்ட சுழியை வைத்து ஆளைப் பிடித்துவிட்டோம். ஓலைச்சுவடியில் அந்த வழி நடக்காது. கையெழுத்து படி எடுத்தவருடையது, கவியுடையது இல்லை. அதனால் சாஸ்திரி எழுத்தை விட்டுவிட்டு நடையைப் பார்த்தார்.

ஸ்வப்னவாசவதத்தம் கதையைச் சொல்லாவிட்டால் பாவம் வரும். வத்தவ நாட்டு மன்னன் உதயணன், மனைவி வாசவதத்தை. (தமிழில் கொங்குவேளிரின் பெருங்கதை இதே உதயணன் கதைதான்.) இழந்த நாட்டை மீட்க மகத நாட்டு உறவு வேண்டும். ஆனால் மனைவி இருக்கும்போது மன்னன் இன்னொரு கல்யாணத்துக்குச் சம்மதிக்க மாட்டான். எனவே அமைச்சர், அரசி தீயில் இறந்துவிட்டாள் என்று பொய் பரப்பி, அவளையே மாறுவேஷத்தில் மகத இளவரசி பத்மாவதியிடம் அடைக்கலமாக விடுகிறார். கல்யாணம் நடக்கிறது, வாசவதத்தை கண் முன்னாலேயே. ஒருநாள் இருட்டில் படுத்திருப்பது பத்மாவதி என்று நினைத்து அவள் பக்கத்தில் போய் உட்கார, படுத்திருப்பவன் உதயணன். தூக்கத்தில் அவன் 'வாசவதத்தை' என்று அவளைக் கூப்பிட்டுப் பேசுகிறான், இவள் பதில் சொல்கிறாள். கட்டிலுக்கு வெளியே தொங்கிய அவன் கையை எடுத்து மேலே வைத்துவிட்டுப் போய்விடுகிறாள். அவன் விழித்து, கனவா நிஜமா என்று தவிக்கிறான். இதை எழுதியவர் யாராக இருந்தாலும் சாதாரண ஆள் இல்லை.

இப்போது எதிர்க்கட்சி. இவர்களையும் லேசாக எடுத்துக்கொள்ள முடியாது.

முதல் அடி சூத்திரதாரன் மேல். கேரளத்துச் சுவடிகளில் வேறு கவிகளின் நாடகங்களும் இப்படித்தான் தொடங்குகின்றன என்று காட்டினார்கள். அப்படியானால் அது பாசனின் அடையாளம் இல்லை, அந்தப் பக்கத்துப் படி எடுக்கிற பழக்கம். இரண்டாவது அடி இன்னும் பலமானது. 12ஆம் நூற்றாண்டில் எழுதிய நாட்டியதர்ப்பணம் என்ற நூல், பாசனின் ஸ்வப்னவாசவதத்தத்தில் இருந்து என்று சொல்லி ஒரு பாட்டைக் காட்டுகிறது. பவளமல்லிப் பூ மிதிபட்டுக் கிடக்கிறது, கல் இருக்கை இன்னும் சூடாக இருக்கிறது, யாரோ இங்கே இருந்து எழுந்து போயிருக்கிறார்கள் என்று மன்னன் ஊகிக்கிற பாட்டு. திருவனந்தபுரத்தில் அச்சான நாடகத்தில் அந்தப் பாட்டு இல்லை! பிரெஞ்சு அறிஞர் சில்வேன் லெவி இதைச் சுட்டிக்காட்டினார். ஆனால் ஒன்று கவனியுங்கள். அச்சான நாடகத்தின் நாலாம் அங்கத்தில் பவளமல்லியும் வருகிறது, கல் இருக்கையும் வருகிறது. பாட்டு உட்கார வேண்டிய இடம் காலியாக இருக்கிறது, பாட்டைத்தான் காணோம்.

மூன்றாவது கட்சி நம்மை நேராகத் தொடுகிறது. லண்டனில் இருந்த எல்.டி.பார்னெட் என்ற அறிஞர், இவை பாசனுடையவை இல்லை, 7ஆம் நூற்றாண்டுப் பாண்டியன் ராஜசிம்மன் சபையில் எழுதப்பட்டவை என்றார். காரணம், பல நாடகங்களின் முடிவு வாழ்த்தில் 'ராஜசிம்மன்' உலகை ஆளட்டும் என்று வருகிறது. அதே நூற்றாண்டில் காஞ்சியில் மகேந்திரவர்ம பல்லவன் எழுதிய மத்தவிலாசம் நாடகமும் கிட்டத்தட்ட இதே முறையில் தொடங்குகிறது. (அதையும் 1917இல் பதிப்பித்தவர் நம்ம கணபதி சாஸ்திரிதான்.)

இங்கேதான் எனக்குத் தர்மசங்கடம். சாஸ்திரி ஜெயித்தால் தருவைக்குப் பெருமை. பார்னெட் ஜெயித்தால் பாண்டிய நாட்டுக்கே பெருமை. ஊர்ப்பாசத்தை வைத்து இதில் தீர்ப்புச் சொல்லவே முடியாது, ரெண்டு பக்கமும் நம்ம பக்கம்! ஆதாரத்தை மட்டும் பார்த்தால் பார்னெட் வாதம் மெலிசு. 'ராஜசிம்மன்' என்பது பெயராகவும் இருக்கலாம், அரசர்களில் சிங்கம் என்ற பொதுப் புகழ்ச்சியாகவும் இருக்கலாம். பெயர் என்றே வைத்துக்கொண்டாலும், காஞ்சி கைலாசநாதர் கோயில் கட்டிய பல்லவனுக்கும் ராஜசிம்மன் என்று பட்டம் உண்டு. மேலும் மத்தவிலாசத்தில் ஆசிரியர் பெயர் சொல்லப்படுகிறது, இந்த 13இல் இல்லை. முக்கியமான வித்தியாசமே அதுதானே!

நாலாவது கட்சிதான் என்னை யோசிக்க வைத்தது. கேரளத்தில் சாக்கியார்கள் கூடியாட்டம் ஆடுகிறார்கள். 2001இல் யுனெஸ்கோ சிறப்பித்த கலை. இந்த 13இல் உள்ள சில நாடகங்களின் அங்கங்களை அவர்கள் தலைமுறை தலைமுறையாக நடித்து வந்திருக்கிறார்கள். முழு நாடகத்தை ஒரே மூச்சில் போடுவதில்லை, ஒரு அங்கத்தை எடுத்துப் பல ராத்திரி ஆடுவார்கள். ஆகவே இந்தச் சுவடிகள் நடிகர்களின் மேடைப் பிரதி. பழைய நாடகங்களை வெட்டி, சுருக்கி, மேடைக்கு ஏற்றபடி மாற்றியது. பெயர் அறிவிப்பும் அப்படித்தான் போயிற்று என்பது இவர்கள் வாதம். இந்தக் கட்சிக்காரர்கள் சாருதத்தம் நாடகத்தை உதாரணம் காட்டுவார்கள். நாலு அங்கத்தோடு நின்றுபோகும் அது, சூத்திரகரின் மிருச்சகடிகத்தில் (தமிழில் பண்டிதமணி மொழிபெயர்த்த மண்ணியற் சிறுதேர்) முதல் நாலு அங்கத்தை அப்படியே ஒத்திருக்கிறது. அதில் இருந்து இதைச் சுருக்கினார்களா, இதில் இருந்து அது வளர்ந்ததா என்று இரண்டு விதமாகவும் வாதாடலாம்.

சங்கரதாஸ் சுவாமிகள் வள்ளி திருமணம் எழுதினார். கொடைக்கு அந்த நாடகம் போடுகிற ஊரில் பார்த்தால், நாரதரும் வள்ளியும் விடிய விடியத் தர்க்கம் பண்ணுவார்கள். சுவாமிகள் பாட்டு பாதி, நடிகர் சொந்தச் சரக்கு பாதி. ஆயிரம் வருஷம் கழித்து ஒரு நடிகருடைய நோட்டு மட்டும் கிடைத்தால், அது சங்கரதாஸ் சுவாமிகள் எழுதியதா இல்லையா? ஆமா என்றாலும் முழு உண்மை இல்லை, இல்லை என்றாலும் உண்மை இல்லை.

இதை வைத்துப் புத்தகங்களும் நிறைய வந்தன. 1926இல் ஹிரானந்த சாஸ்திரியும் 1927இல் தேவதரும் சந்தேகக் கட்சியில் எழுதினார்கள். 1940இல் புசால்கர் பாசன் கட்சிக்காக விரிவாக எழுதினார். உல்னரும் லட்சுமண் சரூப்பும் 13 நாடகங்களையும் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்து 1930, 31இல் வெளியிட்டபோது, தலைப்பிலேயே 'பாசனுடையதாகச் சொல்லப்படும்' என்று போட்டு நைசாகத் தப்பித்துக்கொண்டார்கள். கணபதி சாஸ்திரி 1926இல் காலமானார்.

என் தீர்ப்பு இது. ஸ்வப்னவாசவதத்தம் பாசனுடையதுதான், ஆனால் சில பாட்டுகள் உதிர்ந்த மேடைப் பிரதி. ஊருபங்கத்தையும் நான் பாசன் பக்கமே வைப்பேன். தொடை முறிந்த துரியோதனன் மேடையிலேயே உயிர் விடுகிறான். நாட்டிய சாஸ்திர விதிப்படி மேடையில் சாவு காட்டக் கூடாது. பிற்காலத்தில் யாராவது சுருக்கித் தொகுத்திருந்தால் விதிக்குப் பயந்து அதை மாற்றியிருப்பார்கள். மற்ற பதினொன்றுக்கும் 'ஒரே கை' என்ற ஒரு காரணம் எனக்குப் போதவில்லை. ஒரே மடத்தில், ஒரே நடிகர் கூட்டத்தில் இருந்த சுவடிகள் ஒன்றைப் பார்த்து ஒன்று வரிகளைக் கடன் வாங்கியிருக்கலாம். பொது அறிவு வினாடி வினாவில் 13 நாடகம் எழுதியவர் யார் என்று கேட்டால் 'பாசன்' என்று சொல்லி மார்க்கை வாங்கிக்கோங்க, அது வேற விஷயம்.

இந்த வருஷக் கல்விச் சுற்றுலா பத்மநாபபுரம் அரண்மனைக்குத்தான் என்று சொல்லியிருக்கிறார்கள். மணலிக்கரை அங்கிருந்து பக்கம். பஸ்ஸை அரை மணி நேரம் அந்தப் பக்கம் திருப்பச் சொல்லி சமூக அறிவியல் சாரிடம் கேட்கலாம் என்று இருக்கிறேன். தனியாகக் கேட்டால் நடக்காது. சேர்ந்து கேட்க விருப்பம் உள்ளவர்கள் கீழே பென்சிலால் பெயரும் வகுப்பும் எழுதவும். பெயர் போடாமல் எழுத வேண்டாம்!